மறுவெயில்

ஆனி பிறந்து சாரல் விழத் தொடங்கினால் எனக்கு வீட்டில் கால் தரிக்காது. அடுப்பில் பால் பொங்கி வழியும். நான் வாசலில் நின்று மலையைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

"அக்கா நெனப்பு வந்துட்டாக்கும்?" என்பார் அத்தான். "போயிட்டு வா. மனசு ஆறும்."

அத்தான் என் வீட்டுக்காரர். அதற்கு முன் அக்காவின் வீட்டுக்காரர். நான் அப்போதும் அவரை அத்தான் என்றுதான் கூப்பிட்டேன், இப்போதும் அப்படித்தான். அந்த ஒரு சொல்லுக்குள் எந்த இடத்தில் நாங்கள் மாறிக்கொண்டோம் என்பது எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை.

சாரலும் வெயிலும் சேர்ந்தடிக்கும் பிற்பகல்களில், சூரியன் மலைக்குப் பின்னால் போன பிறகு, குற்றாலம் மெயினருவியின் உச்சியில் வானத்திலிருந்து இன்னொரு வெளிச்சம் வந்து விழும். அதைத்தான் மறுவெயில் என்போம். அது பட்ட இடத்தில் எதற்கும் நிழல் இருக்காது. அந்நேரம் தண்ணீருக்குள் நிற்பவர்களைச் சில சமயம் அது கொண்டுபோய்விடும், திருப்பியும் கொண்டுவரும். சிலரை மூன்றாம் நாளே. செங்கோட்டைக்காரர் ஒருவரை இருபது வருடம் கழித்து. போய் வந்தவர்களுக்கு அது தலை முங்கி எழுந்த நேரம்தான். அதனால் மேலே வெளிச்சம் கண்டதும் போலீஸ் விசில் ஊதி எல்லோரையும் வெளியேற்றிவிடுவார்கள்.

அக்கா போன அன்று, விசில் கேட்டபோது ஆனந்தவள்ளி அக்கா சிரித்தாள். "கத்தாதட்டி, தலைய அலசிட்டு வாரேன்." அவளுக்கு இருபத்தைந்து வயது. எனக்கு இருபத்திரண்டு. என் இடுப்பில் அவளுடைய எட்டு மாதக் குழந்தை வேல்விழி.

மூன்று வருடம் பார்த்தார்கள். பிறகு பிள்ளைக்கு ஒரு தாய் வேண்டுமே என்று பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். பிள்ளை அதற்கு வெகுநாள் முன்பே என்னை அம்மா என்று கூப்பிடத் தொடங்கியிருந்தாள். இப்போது அவளுக்குப் பன்னிரண்டு நடக்கிறது. பெரியம்மா ஒருத்தி இருந்தாள், அருவியோடு போய்விட்டாள் என்பதுவரைதான் அவளுக்குத் தெரியும்.

சாரல் மாதங்களில் வாரம் ஒருதடவை வடகரையில் பஸ் ஏறி, தென்காசியில் மாறி, அருவிக்குப் போகிறேன். பதினோரு வருடமாகப் போகிறேன். அக்கா வரவேண்டும் என்று போவதாக ஊர் நினைக்கிறது. நான் போவது அவள் வரவில்லை என்று பார்த்துவிட்டு வர. அப்படிப் பார்த்துவிட்டு வந்த அன்று மட்டும் நன்றாகத் தூங்குவேன். இரண்டு நாள் கழிந்தால் மறுபடி மலையைப் பார்க்க ஆரம்பித்துவிடுவேன்.

அந்தச் சனிக்கிழமை வேல்விழியும் அடம்பிடித்துக் கூட வந்தாள். அருவிக்குப் போகும் வழியில் பழம் விற்கும் ஹாஜரா பீவி கூடையிலிருந்து ஒரு ரம்புட்டானை எடுத்து அவள் கையில் வைத்தாள்.

"வருசம் தவறாம வருதியே சுகந்தி! தங்கச்சின்னா இப்படில்லா இருக்கணும். எனக்கும் ஒருத்தி இருக்கா, கடையநல்லூர்ல. நான் காணாமப் போனா வந்து என் ஃபிரிட்ஜத்தான் மொதல்ல தூக்கிட்டுப் போவா."

வேல்விழி விழுந்து விழுந்து சிரித்தாள். நானும் சிரித்தேன்.

நாலு மணிக்கு விசில் ஊதினார்கள். பெண்கள் பக்கத்திலிருந்து எல்லோரும் ஈரத்தோடு ஓடிவந்தார்கள். வெளிச்சம் விழுந்தது, பாறை, கம்பி, மனிதர்கள் எல்லாம் நிழலில்லாமல் நின்றோம். பிறகு விலகியது. ஆளில்லாத அருவிக்குள்ளிருந்து ஒருத்தி தனியாக வெளியே வந்தாள்.

நடையிலேயே தெரிந்துவிட்டது. பால் கட்டியவள்போல் முழங்கைகளால் மார்பை அழுத்திக்கொண்டு, நேராக என்னிடம் வந்தாள்.

"அக்கா, இங்கன ஒரு சின்னப்பிள்ள கைக்கொழந்தையோட நின்னா, பாத்தீங்களா?"

என்னைத்தான் அக்கா என்றாள். நான் கண்ணாடி போட்டிருந்தேன், உடம்பு பெருத்திருந்தேன், அவளைவிட எட்டு வயது மூத்திருந்தேன். அவள் கண் என்மேல் நிற்காமல் எனக்குப் பின்னால் தேடிக்கொண்டிருந்தது.

"பாக்கலியே தாயி," என்றேன்.

யோசித்துச் சொன்னதில்லை. எனக்கே தெரியாமல் இத்தனை வருடம் அதை வாயில் ஒதுக்கி வைத்திருந்திருக்கிறேன்.

வேல்விழியின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு நடந்தேன்.

"யாரும்மா அது?"

"யாரோ. பஸ்ஸுக்கு நேரமாச்சு, வா."

போலீஸ் அவளிடம் பேர், ஊர் கேட்கும். அரைமணி நேரத்தில் அத்தானுக்குப் போன் போகும். எனக்குத் தெரியாமல் இல்லை. அந்த அரைமணி நேரமாவது கிடைக்கட்டும் என்றுதான் ஓடினேன்.

பின்னால் பெண் போலீஸின் குரல் கேட்டது. "பதறாதம்மா, இங்கன உக்காரு. நீ எந்த வருசம் குளிக்க வந்த?"

"என் தங்கச்சியக் காணோம் மேடம். கொழந்தையக்கூட அவ பாத்துக்கிடுவா. அவதான் பயந்துருவா. கூட்டத்துல என் கைய விடவே மாட்டா மேடம்." பிறகு தண்ணீர் இரைச்சலுக்கு மேலே அவள் கத்தினாள். "சுகந்தீ! ஏட்டி சுகந்தீ!"

வேல்விழி நின்றுவிட்டாள். "ஒன் பேரச் சொல்லில்லாம்மா கூப்பிடுதாங்க."

அக்கா திரும்பி வந்தால் என்ன கேட்பாள் என்று எத்தனையோ இரவு நினைத்திருக்கிறேன். பிள்ளையைக் கேட்பாள், புருஷனைக் கேட்பாள். இரண்டுக்கும் என்னிடம் பதில் இருந்தது. என்னைத் தேடுவாள் என்று ஒருநாளும் நினைத்ததில்லை.

திரும்பி நடந்தேன்.

"அக்கா, இங்கனதான் இருக்கேன்."

குரலை வைத்துத்தான் கண்டுபிடித்தாள். என் முகத்தை வெகுநேரம் பார்த்தாள். என் கன்னத்தைத் தொட வந்த கை பாதியில் நின்றது. பக்கத்தில் நின்ற பிள்ளையைப் பார்த்து, "இது யாருட்டி?" என்றாள்.

வேல்விழி முந்திக்கொண்டாள். "நான் இவங்க மக. நீங்க யாரு?"

நான் அவள் கையை எடுத்து அக்காவின் ஈரக் கைக்குள் வைத்தேன்.

"வேல்விழி," என்றேன். "ஒன் வேல்விழிதான் அக்கா."

இருவரும் ஒரே நேரத்தில் கையை இழுத்துக்கொண்டார்கள்.