துருப்பிடிக்காத ஆணி

மாமனார் ஆணியை மிதித்தபோது வலியில் கத்தவில்லை. எதிரில் நின்ற பாலீஷ்காரனைப் பார்த்துக் கத்தினார். ஆணி நீட்டிக்கொண்டிருந்த அந்தப் பலகையை அங்கே போட்டது அவரேதான். ஆனால் எங்கள் பட்டறையில் தவறு என்பது சம்பளம் வாங்குகிறவர்கள் மட்டுமே செய்யக்கூடியது.

பட்டறை என்பதே கொஞ்சம் பெரிய வார்த்தை. தகரக் கூரை, மூன்று பக்கம் சுவர், தரை முழுக்க மரத்தூள். கம்பெனிகள் சரக்கை இறக்கிவிட்டு வீசியெறியும் பேலட்டுகளை, அதாவது சரக்கு அடுக்கும் மரத்தட்டுகளை, லாரியில் கொண்டுவருவோம். பலகைகளைப் பிரித்து, ஆணி பிடுங்கி, இழைத்து, அலமாரியாகவும் கட்டிலாகவும் மாற்றி விற்போம். வாங்குகிறவர்கள் மரத்தைத் தடவிப் பார்த்து, எவ்வளவு இயற்கையாக இருக்கிறது என்று பூரித்துப்போவார்கள். அன்று வந்த சுமை ஓர் உரக் கிடங்கிலிருந்து வந்தது. பலகை இடுக்குகளில் தொழு உரம் காய்ந்து அப்பியிருந்தது. அதுவும் இயற்கைதான்.

ஆணி ரப்பர் செருப்பைத் துளைத்துப் பாதத்தின் நடுவில் ஏறியிருந்தது. மாமனார் ஒரு காலால் பலகையை அழுத்திக்கொண்டு மறுகாலை உருவினார். குனிந்து ஆணியைப் பார்த்தார். முகம் மலர்ந்தது.

"பாருங்கடா. ஒரு பொட்டு துரு இல்ல. கண்ணாடி மாதிரி மின்னுது. சுத்தமான ஆணி."

உரத்தில் ஊறிய பலகையைத் துளைத்து வெளியே வந்த ஆணி. சுத்தமாம்.

நான் நுண்ணுயிரியல் படித்தவன். ஒரு பரிசோதனைக் கூடத்தில் வேலையும் பார்த்தேன். மனைவி இறந்த பிறகு அந்த வேலைக்குத் திரும்பிப் போகவில்லை. மாமனார் வீட்டு மாடி அறையில் இருக்கிறேன். பகலில் ஆணி பிடுங்குகிறேன். பட்டறையில் எனக்குப் பெயர் பி.எஸ்சி. மரியாதையினால் வைத்த பெயர் அல்ல.

"மாமா, துருவுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல," என்றேன். "டெட்டனஸ் கிருமி மண்ணுல இருக்கு, சாணியில இருக்கு. ஆணி சும்மா அதை உள்ள கொண்டுபோய் வைக்கிற வேலையத்தான் செய்யுது. ஓடுற தண்ணியில சோப்புப் போட்டு நல்லாக் கழுவுங்க. அப்புறம் போய் ஊசி போட்டுட்டு வந்துடலாம்."

"வந்துட்டாருய்யா பி.எஸ்சி," என்றார் மாமனார். "மாப்ள, நான் இந்தத் தொழிலுக்கு வந்த நாள்லேருந்து எத்தனை ஆணி மிதிச்சிருப்பேன் தெரியுமா? அதையெல்லாம் சேத்து வச்சிருந்தா ஒரு வீடு கட்டியிருக்கலாம். டேய் டாக்டர், இங்க வாடா."

டாக்டர் என்பது பாலீஷ்காரன். அவனுக்கு அந்தப் பட்டம் வந்த கதை இது. அலமாரியில் பழைய ஆணி ஓட்டை தெரிந்தால் அவன் அதில் மரத்தூளைத் திணித்து, மேலே சின்ன டியூபிலிருந்து உடனடிப் பசையைச் சொட்டுவான். லேசாகப் புகைந்து கல்லாகிவிடும். உப்புத்தாள் போட்டுத் தேய்த்தால் ஓட்டை இருந்த இடமே தெரியாது. இதே வைத்தியத்தை அவன் மனிதர்களுக்கும் செய்துவந்தான். விரல் கிழிந்தவன், உள்ளங்கையில் சிராய் ஏறியவன், எல்லோருக்கும் தூள், பசை. ரத்தம் நின்றுவிடும், வேலை நிற்காது. தன் நோயாளிகளில் இதுவரை யாரும் சாகவில்லை என்பதில் அவனுக்குக் கர்வம் உண்டு.

"அடைக்காதீங்க," என்றேன். "காத்துப் படாத இடத்துலதான் அந்தக் கிருமி வளரும். நீங்க அதுக்கு வீடு கட்டி, வாசலையும் பூட்டித் தர்றீங்க."

"காத்துப் பட்டாதான் பி.எஸ்சி சார் சீழ் வைக்கும்," என்றான் டாக்டர், பொறுமையாக, குழந்தைக்குச் சொல்வதுபோல. டர்பன்டைனில் நனைத்த துணியால் காலைத் துடைத்தான். தூளை அடைத்தான். பசையைச் சொட்டினான். மாமனார் "ஸ்ஸ்" என்று இழுத்தார். அவ்வளவுதான், ஓட்டை மறைந்துவிட்டது.

"உப்புத்தாள் போடலயா?" என்று கேட்டேன்.

டாக்டர் யோசித்தான். "நல்லாக் காயட்டும். நாளைக்குப் பாத்துக்கலாம்."

அவன் கிண்டல் செய்யவில்லை.

வீட்டில் அத்தையிடம் சொன்னேன். மகள் இறந்த பிறகு அத்தை பேசுவதைக் குறைத்துக்கொண்டுவிட்டாள். கேட்டுவிட்டுக் கணவரைப் பார்த்தாள். அவர் தட்டிலிருந்து தலையைத் தூக்காமலே, "ஊசின்னா எங்க போகணும்? அங்கதான?" என்றார்.

அத்தை சோற்றுப் பாத்திரத்தை மூடினாள்.

"நல்லா நடந்துதான் போனா. காய்ச்சல்தான்னு சொல்லித்தான் கூட்டிட்டுப் போனீங்க மாப்ள. எப்படிக் கொண்டுவந்தோம்? நான் அந்த வாசப்படியை மிதிக்க மாட்டேன். ஆணியை வேணா இன்னொரு தடவை மிதிக்கிறேன்."

என் மனைவிக்கு வந்தது மூளைக்காய்ச்சல். போன வேகத்துக்கு எந்த ஆஸ்பத்திரியாலும் ஒன்றும் செய்திருக்க முடியாது. இதை அவருக்குப் பலமுறை விளக்கியிருக்கிறேன். விளக்கம் அவரிடம் வேலை செய்யவில்லை. என்னிடமும் செய்யவில்லை என்பதை அவருக்குச் சொன்னதில்லை.

மறுநாள் மாலை அவர் பரீட்சையில் தேறியவர் முகத்தோடு என்னிடம் வந்தார்.

"மாப்ள, ஊசியெல்லாம் இருபத்துநாலு மணி நேரத்துக்குள்ள போட்டாத்தான். டாக்டர் சொல்றான். தாண்டிருச்சு. இனிமே போட்டாலும் வேஸ்ட்."

"அதெல்லாம் கட்டுக்கதை மாமா. சீக்கிரம் போட்டா நல்லது. லேட்டானாலும் போட்டே ஆகணும். போடாம இருக்கறதுதான் வேஸ்ட்."

"அவங்ககிட்ட ஊசி நிறைய மிஞ்சிப்போச்சா? உங்களை ஏஜெண்டாப் போட்டிருக்காங்களா?"

பட்டறையே சிரித்தது. டாக்டர் கொஞ்சம் கூடுதலாகச் சிரித்தான். முட்டாள்தனத்துக்கு ஒரு வசதி உண்டு, அது எப்போதும் கூட்டமாக இருக்கும். நான் ஆணி பிடுங்கப் போனேன். போகட்டும் என்று நினைத்தேன். உண்மையாகவே அப்படித்தான் நினைத்தேன். ஒரு மனிதன் தன் காலில் அலமாரி வேலை செய்துகொள்ள விரும்பினால் நான் யார்?

அதற்கடுத்த நாள் அவர் நொண்டினார். பாதம் வீங்கிச் செருப்பு வாரில் பிதுங்கியது. கேட்டால், "மழை வரப்போகுது, அதான்," என்றார். வானத்தில் மருந்துக்கும் மேகம் இல்லை. வலிக்கும் காலை ஒரு கட்டைமேல் தூக்கி வைத்துக்கொண்டு எல்லோரையும் ஏசினார். ரம்பம் பிடித்தவனை, வார்னிஷ் டப்பாவை, மின்சாரத்தை, கடைசியாக மரத்தை.

மத்தியானம் அத்தை பட்டறைக்கு வந்தாள். அவள் வருகிற இடமல்ல அது. சாப்பாட்டுப் பையைக் கீழே வைத்துவிட்டு, கணவரின் காலைப் பார்த்தாள். தொட்டாள். சூடு தெரிந்திருக்க வேண்டும், கையை இழுத்துக்கொண்டாள். பிறகு அவரிடம் பேசாமல் என்னிடம் பேசினாள்.

"இவரு போறதுன்னா இவரு பாட்டுக்குப் போயிடுவாரு மாப்பிள்ளை. அப்புறம் அந்த வீட்டுல நீங்களும் நானும்தான். ரெண்டு பேரும் எதிரெதிரே உக்காந்து சாப்பிடணும். ரெண்டு பேருக்கும் பேச்சு வராது. யோசிச்சுப் பாருங்க."

யோசித்தேன். சாப்பாட்டு மேசை கண்ணில் வந்தது. இப்போது அந்த வீட்டில் சத்தம் என்று இருப்பது இந்த மனிதர் ஒருவர்தான். எனக்குப் பிடிக்காத சத்தம். அது இல்லாமல் அத்தை எதிரில் நான்.

மாமனார் எதிரில் ஒரு பலகையை இழுத்துப்போட்டு உட்கார்ந்தேன்.

"மாமா, டெட்டனஸ் வந்தா முதல்ல என்ன ஆகும் தெரியுமா?"

"சாவு வரும். வரட்டுமே. யாருக்கு வரல?"

"அது கடைசியில. முதல்ல தாடை பூட்டிக்கும். பல்லோட பல்லு ஒட்டிக்கும். கடப்பாரை போட்டு நெம்புனாலும் வாய் திறக்காது. ஆனா அறிவு தெளிவா இருக்கும். எதிர்ல எவன் என்ன தப்புப் பண்றான்னு எல்லாம் தெரியும். காதும் கேக்கும். ஒரு வார்த்தை திட்ட முடியாது."

முதல் முறையாக அவர் முகத்தில் பயம் வந்தது.

"ஒரு வார்த்தை கூடவா?"

"ஒரு வார்த்தை கூட."

"டாக்டரு வார்னிஷை ரெண்டு தடவை அடிச்சாக்கூடவா?"

"மூணு தடவை அடிச்சாலும் படுத்துப் பாத்துட்டுத்தான் இருக்கணும்."

பின்னால் டாக்டரின் முகத்தில் ஓடிய சந்தோஷத்தை அவரும் பார்த்துவிட்டார். அதுதான் காரியத்தை முடித்தது. சாவுக்குப் பயப்படாத மனிதர் எழுந்து சட்டையை மாட்டினார்.

ஆஸ்பத்திரி வாசலில் நின்றுவிட்டார். "வேற வழி இருக்கா?" என்றார். பக்கவாட்டில் மருந்து இறக்கும் கதவு ஒன்று இருந்தது. அது வழியாகப் போனோம். கேட்டவனிடம், சரக்குக் கொண்டுவந்திருக்கிறோம் என்றார். உள்ளே காத்திருப்போர் பெஞ்சுகள் வரிசையாக இருந்தன. என் மனைவி உள்ளே இருந்தபோது நான் உட்கார்ந்திருந்தது எதில் என்று எனக்குத் தெரியும். நான் உட்காரவில்லை.

நர்ஸ் காலைத் தூக்கி விளக்குக்கு நேரே பிடித்தாள்.

"என்ன இது? பிளாஸ்டிக்கா? யார் வச்சு விட்டது?"

"டாக்டர்," என்றார் மாமனார்.

"எந்த ஆஸ்பத்திரி டாக்டர்?"

மாமனார் என்னைப் பார்த்தார். "அவரு மரத்துக்கு மட்டும் பாக்கறவரு," என்றேன்.

அவள் சிரிக்கவில்லை. அப்புறம் ஒரு இளம் மருத்துவர் வந்து மரத்துப்போக ஊசி போட்டுக் காயத்தைத் திறந்தார். சீழ் வந்தது. ஊறிப்போன மரத்தூள் வந்தது. கடைசியாக இடுக்கியில் நீல நிறத்தில் ஏதோ வந்தது. செருப்பு ரப்பர். ஆணி போகிற போக்கில் ஒரு துண்டைக் கூடவே உள்ளே கொண்டுபோயிருந்தது. மாமனார் அதை வெகுநேரம் பார்த்தார். வேறு யாருடைய செருப்போ என்பதுபோல.

காயத்தைக் கழுவினார்கள், வெகுநேரம், எவ்வளவோ தண்ணீர் ஊற்றி. தையல் போடவில்லை. உள்ளிருந்து ஆற வேண்டும், திறந்தே இருக்கட்டும் என்றார் மருத்துவர்.

"தடுப்பூசி கடைசியா எப்பப் போட்டீங்க?" என்று கேட்டாள் நர்ஸ்.

"பொறந்ததுலேருந்து போட்டதே இல்ல," என்றார் மாமனார், கல்யாணமே ஆகாதவர் சொல்வதுபோலப் பெருமையாக.

அதனால் இரண்டு ஊசி. ஒன்று உடம்பு மெல்லக் கற்றுக்கொள்வதற்கு. இன்னொன்று, அது கற்றுக்கொள்ளும்வரை தாக்குப்பிடிக்கத் தயாராக வரும் எதிர்ப்புச் சக்தி. தடுப்பூசி திரும்பவும் போட வேண்டும், விட்டுவிடக் கூடாது என்றாள். ஊசி ஏற்றிக்கொண்டே என்னைக் காட்டி, "பையனா?" என்று கேட்டாள்.

"மாப்ள."

"பரவாயில்லையே, மாப்பிள்ளை கூட்டிட்டு வந்திருக்காரு. பொண்ணு வரலையா?"

"வீட்டுல இருக்கா," என்றார் மாமனார். யோசிக்கவே இல்லை.

நான் சுவரில் இருந்த கை கழுவும் முறை பற்றிய படத்தைப் படித்தேன். முழுவதும் படித்தேன்.

கிளம்பும்போது நர்ஸ் என்னிடம் சொன்னாள். "லேட்டா வந்திருக்கீங்க. ஊசி போட்டாச்சு, பயப்பட வேணாம். ஆனா சில வாரத்துக்குப் பாத்துக்குங்க. வாய் திறக்கக் கஷ்டமா இருந்தா, முழுங்க முடியலன்னா, கழுத்து விறைச்சா, உடனே தூக்கிட்டு வந்துடுங்க. நாளைக்குப் பாக்கலாம்னு மட்டும் இருக்காதீங்க."

அன்றிலிருந்து காலையில் எழுந்ததும் என் முதல் வேலை அவர் அறை வாசலில் போய் நிற்பது.

"வாயைத் திறங்க மாமா."

"ஏன், பல்லுல இருக்கற ஆணியையும் பிடுங்கப் போறீங்களா?"

"திறங்க."

திறப்பார். கட்டுப்போட்ட காலை நீட்டிக்கொண்டு, என்னையும் என் படிப்பையும், என்னைப் படிக்கவைத்தவர்களையும், அந்தப் பல்கலைக்கழகத்தையும் ஒரு சுற்று ஏசுவார். நான் பதில் பேசாமல் தாடை மட்டும் எவ்வளவு இறங்குகிறது என்று பார்ப்பேன். நன்றாகத்தான் இறங்கியது. அத்தை சமையலறையிலிருந்து கேட்டுக்கொண்டிருப்பாள். ஏச்சு தொடங்கியதும் பாத்திரச் சத்தம் தொடங்கும்.

கட்டு சிறியதானதும் பட்டறைக்கு வரத் தொடங்கினார். இப்போது காலில் ஷூ. அதைப் போடுவதே எனக்குச் செய்கிற தயவு என்பதுபோல நடந்தார். டாக்டருக்குப் பட்டம் போய்விடவில்லை. நோயாளிகள்தான் குறைந்தார்கள்.

ஒரு நாள் காலை நான் எழுந்தபோது அவர் முன்னதாகவே பட்டறைக்குப் போயிருந்தார். சாப்பிடாமல் போய்விட்டார் என்றாள் அத்தை. நான் பின்னாலேயே போனேன். அவர் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு மேசையருகே நின்றிருந்தார். டாக்டர் ஒரு அலமாரிக் கதவைத் தலைகீழாக மாட்டிக்கொண்டிருந்தான். கைப்பிடி கீழே இருந்தது. மாமனார் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒன்றும் சொல்லவில்லை.

"மாமா," என்றேன்.

பதில் இல்லை.

"மாமா, வாயைத் திறங்க."

திரும்பினார். கழுத்தோடு உடம்பும் சேர்ந்து திரும்பியது. உதடுகள் இறுகியிருந்தன. கன்னத்தில் ஒரு தசை துடித்தது. தலையை மட்டும் இல்லை என்பதுபோல ஆட்டினார்.

இடையில் கிடந்த பலகைகளை நான் எப்படித் தாண்டினேன் என்று தெரியாது. இரண்டு கையாலும் அவர் தாடையைப் பிடித்தேன். கட்டைவிரல்களை வாயோரம் வைத்துக் கீழே இழுத்தேன். "திறங்க," என்றேன். "திறங்க மாமா, திறங்க, வண்டி எடு டாக்டர், வண்டி எடு." அது என் குரல் மாதிரி இல்லை. அவ்வளவு சத்தம் எனக்குள் இருந்தது எனக்கே தெரியாது.

வாய் திறந்தது. உள்ளிருந்து ஆணிகள் கொட்டின.

ஒரு கையில் சுத்தியல், மறுகையில் சட்டம். அடிக்க வேண்டிய ஆணிகளை வாயில் வைத்திருந்தார். பலகையிலிருந்து பிடுங்கிய ஆணிகள். பழையவை. இப்படிப்பட்ட மனிதரைத்தான் அந்தப் பக்கவாட்டுக் கதவு வழியாகக் கூட்டிக்கொண்டு போனேன்.

"டேய்! லூசாடா நீ?" என்று கத்தினார். "ஒண்ணு உள்ள போயிருந்தா என்னடா பண்ணியிருப்ப? வயித்துக்கு எந்த ஊசிடா போடுவ? ஆளை விடுறியா, இல்ல தாடையைக் கழட்டிக் கையில வச்சுக்கப் போறியா?"

தொடர்ந்து திட்டினார். என்னை, ஆஸ்பத்திரியை, தலைகீழ்க் கதவை. தாடை என் இரண்டு உள்ளங்கைகளுக்கும் நடுவில் மேலும் கீழும் போய்க்கொண்டிருந்தது. மழிக்காத முடி குத்தியது. சூடாக இருந்தது.

"கையை எடுடா," என்றார், கொஞ்சம் தாழ்ந்த குரலில்.

"பேசுங்க," என்றேன். "இன்னும் கொஞ்சம் பேசுங்க."