ஊடானுக்குள் இருந்தவன்

ஐஸ்பெட்டியின் மோட்டார் மறுபடியும் நின்றுவிட்டது. சின்னவன் பிளக்கைப் பிடுங்கிச் செருகினான். அசையவில்லை. பெட்டியின் பக்கவாட்டில் உள்ளங்கையால் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினான். உள்ளே அவன் அண்ணன் எந்த அவசரமும் இல்லாமல் படுத்திருந்தான்.

"தட்டாதீங்க. அது என்ன பழைய டிவியா?"

வாசலில் செருப்பை உதறிவிட்டு ஒரு பெண் உள்ளே வந்தாள். அவளுக்குப் பின்னால் ஒரு கூட்டம். எல்லோரும் அண்ணன் வேலை பார்த்த குளிர்கிடங்கின் ஆட்கள். அவள் அங்கே ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவள். பெட்டியின் பின்பக்கம் குனிந்து பார்த்தாள்.

"சுவத்தோட ஒட்டி வச்சிருக்கீங்க. அதுக்கு மூச்சு முட்டுது. தள்ளுங்கப்பா."

நாலு பேர் தள்ளினார்கள். கொஞ்ச நேரத்தில் மோட்டார் முனகத் தொடங்கியது.

"ஆயுசு பூரா ஃப்ரீசர்லயே கெடந்த மனுஷன். கடைசியிலயும் அதுக்குள்ளதான் போட்டு வச்சிருக்கீங்க," என்றான் கூட்டத்தில் இருந்த நெட்டையன்.

அண்ணி அழுதுகொண்டே சிரித்துவிட்டாள். சின்னவனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. காலையில் வெல்டிங் பட்டறையில் இருந்து அப்படியே பஸ் ஏறி வந்தவன். வந்ததில் இருந்து நாற்காலி தூக்கினான், சுடுகாட்டு வண்டிக்குச் சொன்னான், டாக்டரிடம் சான்றிதழுக்காக நின்றான். அழுகை வரவில்லை. கோபம் மட்டும் வந்துகொண்டே இருந்தது.

கிடங்கு ஆட்கள் தரையில் வட்டமாக உட்கார்ந்தார்கள். முதலில் நெஞ்சுவலியைப் பற்றிப் பேசினார்கள். பிறகு நெட்டையன் கேட்டான்.

"அப்ப ஊடான் கதி?"

சின்னவன் திரும்பிப் பார்த்தான். அந்தப் பெயர் தனக்கும் அண்ணனுக்கும் மட்டும் தெரிந்தது என்றுதான் இத்தனை வருஷமும் நினைத்திருந்தான்.

ஒரே பாயில் படுத்த காலத்தில் அண்ணன் உண்டாக்கிய உயிர் அது. தலை கிடையாது, வால் கிடையாது. எல்லா உலகத்துக்கும் அடியில் வேர் மாதிரி ஓடிக்கிடக்கும். எங்கே எந்தக் கதை நடந்தாலும் அது ஊடானின் ஒரு நரம்பு. ஒரு உலகத்தில் ராஜா தொலைத்த செருப்பு இன்னொரு உலகத்தில் திருடன் காலுக்குப் பொருந்தும். கதைகள் ஓடும்வரை ஊடானுக்கு உயிர் இருக்கும். ஒருநாள் அண்ணன் தம்பியையும் கதைக்குள் இழுத்தான். தம்பி கிணற்றில் விழுந்து ஊடானுக்குள் போய்விட்டான். ஒரே இருட்டு. "மிச்சம் நாளைக்கு," என்றான் அண்ணன். விடிந்ததும் வேலைக்கென்று ஊரைவிட்டுப் போனான். லீவில் வரும்போதெல்லாம் சின்னவன் கேட்பான், "நான் வெளிய வந்துட்டேனா?" "அடுத்த தடவை சொல்றேன்டா." பிறகு மீசை முளைத்தது. கேட்க வெட்கமாகிவிட்டது. கேட்காததை மட்டும் மறக்க முடியவில்லை.

"எங்க ஷிஃப்ட் கதையில பாலம் ஒடஞ்சு நிக்குது. ஆத்துக்கு அந்தப் பக்கம் மாப்பிள்ளை, இந்தப் பக்கம் பொண்ணு," என்றான் நெட்டையன்.

"நீங்க ஒடச்ச பாலத்து மரத்துலதான் எங்க ஷிஃப்ட்ல கப்பல் கட்டுறாங்க," என்றாள் ஃபோர்க்லிஃப்ட்காரி. "இல்லேன்னா கடல் நடுவுல மரத்துக்கு எங்க போவாங்க?"

"அடப்பாவிங்களா! எங்க கல்யாணத்தைக் கெடுத்துட்டா கப்பல் விட்டீங்க?"

சின்னவனுக்கு மெதுவாக விளங்கியது. குளிர் அறைக்குள் ஒரேயடியாக நிற்க முடியாது. அவ்வப்போது வெளியே வந்து ஹீட்டர் அறையில் கை விறைப்பு போக உட்காருவார்கள். அந்தக் கொஞ்ச நேரத்தில் அண்ணன் கதை சொல்லியிருக்கிறான். பகல் ஆட்களுக்கு ஒன்று, இரவு ஆட்களுக்கு ஒன்று. கை சூடானதும் பாதியில் நிறுத்திவிடுவான்.

ஊருக்கெல்லாம் சொல்லியிருக்கிறான்.

"அதுல ஒரு பையன் உண்டா?" சின்னவன் கேட்டான். குரல் அவனுக்கே பிடிக்கவில்லை. "கெணத்துல விழுந்த பையன்."

எல்லோரும் அவனைப் பார்த்தார்கள்.

"சின்னப் பசங்களே கெடையாதே," என்றான் நெட்டையன். "நான்கூட என் மவனைச் சேர்த்துக்குங்கன்னு கேட்டேன். பசங்க வேணாம், பாவம்னுட்டாரு."

சின்னவன் எழுந்து வாசல்வரை போனான். வண்டி இன்னும் வரவில்லை. கோபப்படக்கூட ஆள் இல்லை.

"பையன் இல்ல. ஒரு ஆளு இருக்கான்," ஃபோர்க்லிஃப்ட்காரியின் குரல் முதுகுப்பக்கம் கேட்டது. "ஊடானுக்குள்ளயே உக்காந்திருப்பான். ஒரு கதையில இருந்து இன்னொண்ணுக்குப் போறவங்க எல்லாரும் அவன்கிட்டதான் வழி கேக்கணும். சரியான சிடுமூஞ்சி. வழியும் சொல்வான், வண்டிவண்டியாத் திட்டவும் செய்வான்."

"எங்கேருந்து வந்தவன்?"

"அது தெரியாது. தலை மட்டும் எப்பவும் ஈரமா இருக்கும்."

சின்னவன் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டான்.

"அவன் வெளியவே வரலையா?"

"நாங்களும் கேட்டோம். அவன் எந்திரிச்சுப் போயிட்டா கதையெல்லாம் தனித்தனியா அந்து போயிடுமாம். அவனை விட்டா எனக்கு யாரு இருக்கான்னு உங்கண்ணன் கேட்டாரு."

சின்னவன் பெட்டியை நோக்கி வேகமாக வந்தான்.

"யாரைக் கேட்டுடா அங்க உக்கார வச்ச? ஒரு வார்த்தை எங்கிட்ட சொன்னியா நீ? நான் அங்கயே மக்கிட்டேன்னுல்ல நெனச்சிட்டிருந்தேன்!"

அண்ணி எழுந்து வந்து அவன் கையைப் பிடித்தாள். அவன் உதறினான். கண்ணாடிக்குள் அண்ணன் மூக்கில் பஞ்சோடு கிடந்தான். மோட்டார் சத்தம் மட்டும் கேட்டது.

அப்புறம் நெட்டையன் தயங்கித் தயங்கி ஆரம்பித்தான். "தப்பா எடுத்துக்காதீங்க தம்பி. அந்தப் பாலம்..."

"பாலம் மயிரு," என்றான் சின்னவன். "மரம் போயிடுச்சுன்னா போயிடுச்சு. பொண்ணை ஆத்துக்கரையோட மேக்கால நடக்கச் சொல்லு. தண்ணி முழங்காலுக்குமேல வராது. வாயில என்ன கொழுக்கட்டையா, மொதல்லயே கேக்குறதுக்கு என்ன?"

ஃபோர்க்லிஃப்ட்காரி நகர்ந்து இடம் விட்டாள்.

வெளியே வண்டி வந்து நின்று ஹாரன் அடித்தது. யாரும் எழவில்லை.