பல்லிக்கு ஒரு மதிப்பெண்

பல்லி பூச்சி இனம் என்று தேர்வு வாரியம் அறிவித்தது. விடைகளைச் சரிபார்க்க நிபுணர் குழுவே இருக்கிறது. அவர்கள் வீட்டுப் பல்லிக்கு ஆறு கால் இருந்திருக்கலாம்.

அரசுப் பள்ளி ஆசிரியர் தேர்வில் நானும் என் கணவர் துர்கேஷும் 'ஊர்வன' என்றே எழுதியிருந்தோம். தேர்ச்சிக்கு எனக்கு ஒரு மதிப்பெண் குறைந்தது, அவருக்கு நான்கு. வடக்கே பிரதாப்கட் நகரில் எங்கள் தெருவே வழக்குப் போடக் கிளம்பியது. இங்கே ஆசிரியர் வேலைக்குப் பாதிப் படிப்பு பயிற்சி மையத்தில், மீதி வக்கீல் வீட்டில்.

வக்கீல் சதுர்வேதி தலைக்கு இவ்வளவு என்று கட்டணம் சொன்னதும், மாமியார் வீட்டுச் சபையைக் கூட்டினார்.

"ஒரு வீட்டுக்கு எதுக்கு ரெண்டு கேஸ்? துர்கேஷ் பேர்ல போடு. அவன் ஜெயிச்சா உனக்கும் சேர்த்துத்தானே, மருமகளே?"

"எனக்கு ஒரு மார்க் கெடச்சாப் போதும், அம்மாஜி. அவருக்கு நாலு வேணும்."

"அதைத்தான் நானும் சொல்றேன். நெறைய வேணுங்கிறவன்தானே கேக்கணும்!"

இந்தத் தர்க்கத்தை எதிர்த்து எந்த நீதிமன்றத்துக்குப் போவது? என் கணவர் தட்டிலிருந்த நெல்லிக்காய் முரப்பாவை ஆழ்ந்து ஆராய்ந்துகொண்டிருந்தார்.

நான்கு கேள்விகளை எதிர்த்து அவர் வழக்குப் போட்டார். பல்லி மட்டும் ஜெயித்தது. ஆனால் மதிப்பெண் வழக்குப் போட்டவர்களுக்கு மட்டும்தானாம். அதாவது என் கணவர் எழுதிய பல்லி ஊர்வன, நான் எழுதிய பல்லி இன்னும் பூச்சி. அவர் மூன்று மதிப்பெண்ணில் தோற்றார், நான் அதே ஒன்றில்.

மறுநாளே வக்கீலிடம் போனேன். கூப்பிடாமலே துர்கேஷும் பின்னால் வந்தார்.

"இவ்வளவு நாள் எங்கம்மா இருந்தீங்க? மத்தவங்க ஜெயிக்கிற வரைக்கும் வேடிக்கை பார்த்துட்டு இப்ப வர்றீங்களான்னு ஜட்ஜ் தள்ளுபடி பண்ணிடுவார். தாமதத்துக்கு நல்ல காரணமா வேணும். டைபாய்டுன்னு எழுதவா?"

"உண்மையை எழுதுங்க," என்றார் துர்கேஷ். "நான்தான் இவளைக் கேஸ் போட விடலை. நானே கையெழுத்துப் போடறேன்."

அம்மாவைக் கேட்காமல் அவர் முழுதாக முடித்த முதல் வாக்கியம் அது. அந்த வக்கீல் அறையிலேயே எனக்கு அவர்மேல் காதல் வந்துவிட்டது. கல்யாணமாகிவிட்டது என்பதற்காக வராமலா போகும்?

மாமியார் பிரமாணப் பத்திரத்தை வாங்கிப் படித்தார். முகம் சிவந்தது.

"நீ தடுத்தியா? இந்த வீட்டுல நீ என்னைக்குடா முடிவெடுத்தே? கோர்ட்டுலயே பொய்யா?"

விசாரணையன்று பட்டுச்சேலை உடுத்தி, எங்களுக்கு முன்னால் பேருந்தில் ஏறி உட்கார்ந்தவர் அவர்தான்.

நீதிபதி படித்துவிட்டு நிமிர்ந்தார். "கணவர் தடுத்தார்ங்கிறது உண்மையா?"

"இல்லீங்க ஐயா!" பின்வரிசையிலிருந்து மாமியார் எழுந்தார். "அவனுக்கு அவ்வளவு தைரியம் ஏது? தடுத்தது நான். சாவித்ரி தேவி. எழுதிக்கோங்க."

சிரிப்பு அடங்கியதும் நீதிபதி, "தாமதத்துக்குக் காரணம் நேர்லயே வந்திருக்கு," என்று சொல்லி, எனக்கும் அந்த ஒரு மதிப்பெண்ணைப் போடச் சொன்னார்.

திரும்பும் பேருந்தில் மாமியார் பட்டுச்சேலை மடிப்பைச் சரிசெய்துகொண்டார். பிறகு கேட்டார்.

"நீ ஸ்கூலுக்குப் போயிட்டா காலையில ரொட்டி யாரு சுடறது?"

"உங்க பையனுக்கு இப்ப வேற ஏதாவது வேலை இருக்கா, அம்மாஜி?"

துர்கேஷ் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். ஆனால் என் கையை விடவில்லை.