அர்த்தம் புரியாமல் டைப் அடித்த ஜகந்நாதன்

கீழே இருப்பதில் ஒரு எழுத்துகூடக் கற்பனை இல்லை. மாட்டுங்கா குருவாயூரப்பன் சன்னிதியில் கற்பூரத்தை அடித்துச் சத்தியம் பண்ணத் தயாராக இருக்கிறேன். கற்பூரம் மட்டும் நீங்கள் வாங்கிக்கொண்டு வர வேண்டும்.

எண்பத்துமூன்றில் நானும் ஜகந்நாதனும் செம்பூர்ப் பக்கம் ஒரு விஞ்ஞான ஆராய்ச்சி நிலையத்தில் டைப்பிஸ்டுகள். மாட்டுங்காவில் ஒரே கட்டடம், ஒரே மாடி, ஆளுக்கு ஒரு ரூம், குழாய் பொது. அந்த வருஷம் செம்பூரில் ஆபீஸ் குவார்ட்டர்ஸ் ஒன்று காலியாயிற்று. இரண்டு ரூம். குழாய் வீட்டுக்குள்ளேயே. எனக்கா அவனுக்கா என்பது எங்கள் பெரியவர் டாக்டர் அனந்தநாராயணன் கையில் இருந்தது. குழாய் உள்ளே இருக்கிறது என்று கேள்விப்பட்ட நாளிலிருந்து என் சம்சாரம் ஷ்யாமளா குடத்தைக் கீழே வைக்கிற சத்தமே மாறிவிட்டது.

"பக்கத்து ரூம் ஜகந்நாதனும் உங்க ஆபீஸ்தானே? ஆறு மணிக்கு ஆத்துல இருக்கார். நீங்க மட்டும் எட்டு மணி வரைக்கும் என்னத்தை அடிக்கறேள்?" என்றாள்.

எனக்கு வயிறு எரிந்தது. ஜகந்நாதனுக்கு என்னைவிட வேகம் கிடையாது. இதை எந்தச் சபையிலும் சொல்வேன். அவன் எப்படி ஆறு மணிக்கு வீட்டில் இருக்கிறான் என்று கண்டுபிடிக்க ஒரு நாள் முழுக்க அவனையே பார்த்துக்கொண்டிருந்தேன். என் வேலை அப்படியே கிடந்தது.

காலையில் வந்தவுடன் மெஷினில் காகிதத்தைச் செருகி அடிக்க ஆரம்பித்தான். பக்கத்தில் சுருக்கெழுத்துப் புத்தகம் இல்லை, கைப்பிரதி இல்லை. மத்தியானத்துக்கு மேல் டாக்டர் கூப்பிட்டு டிக்டேஷன் கொடுத்தார். கொடுத்தது காலையில் அவன் அடித்து வைத்த அதே கட்டுரை. கமாகூட மாறவில்லை. மரியாதைக்காகச் சுருக்கெழுத்தில் எழுதிக்கொண்டு, வெளியே வந்து அதைக் குப்பையில் போட்டுவிட்டு, டிபன் டப்பாவைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டான்.

விடுவேனா? நேரே டாக்டரிடம் போய்ப் போட்டுக்கொடுத்தேன். அவர் கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். எழுந்து நின்று என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

அவருடைய குவாண்டம் தியரியே இதுதானாம். அணுவுக்குள் இருக்கிற துணுக்குகளுக்கு முன்னும் கிடையாது, பின்னும் கிடையாது. அவற்றின் கணக்குக்கு நேற்று எது நாளை எது என்று தெரியாது. விளைவு முதலில் வரலாம், காரணம் மெதுவாக வந்து சேரலாம். ஒரே ஒரு நிபந்தனை: நடுவில் எவனுக்கும் எதுவும் புரியக்கூடாது. ஒருத்தன் மண்டையில் அர்த்தம் ஏறிவிட்டால் போதும், காலம் திரும்பிப் பார்க்காமல் ஒரே திசையில் ஓட ஆரம்பித்துவிடும்.

"அந்த மாதிரி ஒரு சுத்தமான மூளைக்காக இத்தனை வருஷம் காத்துண்டிருந்தேன்" என்றார். கண் கலங்கியிருந்தது. "உமக்கு அது வராது, வானமாமலை. நீர் படிச்சுண்டே அடிக்கறீர்."

அடுத்தவன் படிப்பைப் பார்த்துப் பொறாமைப்படுகிறவனை உங்களுக்குத் தெரிந்திருக்கும். ஒருத்தனுக்கு ஒன்றுமே புரியவில்லையே என்று நான் ஒரு மாதம் சரியாகச் சாப்பிடவில்லை. நானும் முயன்று பார்த்தேன். கண்ணை மூடிக்கொண்டு அடித்தேன். மனசு வேறெங்காவது இருக்கட்டும் என்று விஷ்ணு சஹஸ்ரநாமம் சொல்லிக்கொண்டே அடித்தேன். எலெக்ட்ரான் கட்டுரைக்கு நடுவில் சஹஸ்ரநாமம் நாலு வரி விழுந்திருந்தது. டாக்டர் படித்துப் பார்த்து, பொருத்தமாகத்தான் இருக்கிறது, இருந்தாலும் எடுத்துவிடும் என்றார்.

அப்புறம்தான் எனக்குப் பொறி தட்டியது. அவன் அடித்ததைத்தான் டாக்டர் பேசியாக வேண்டும் என்றால், அவன் காகிதத்தில் யார் எதை அடித்தால் என்ன?

மறுநாள் ஜகந்நாதன் தயிர்சாதத்தோடு கேன்டீனுக்குப் போனதும் அவன் நாற்காலியில் உட்கார்ந்தேன். மெஷினில் பாதிப் பக்கம் நின்றிருந்தது. கீழே ஒரு வரி சேர்த்தேன்: ஆகவே செம்பூர் குவார்ட்டர்ஸ் வானமாமலைக்கு வழங்கப்படுகிறது.

டிக்டேஷன் நேரத்தில் ஒரு ஃபைலைக் கட்டிக்கொண்டு கதவோரம் நின்றேன். டாக்டர் எலெக்ட்ரானின் சுழற்சியைப் பற்றிச் சொல்லிக்கொண்டே வந்தார். அதே குரலில், மூச்சுகூட விடாமல், என் குவார்ட்டர்ஸைச் சொன்னார், முற்றுப்புள்ளி என்றார், மறுபடி எலெக்ட்ரானுக்குப் போய்விட்டார். ஜகந்நாதனின் பென்சில் ஒரு இடத்திலும் தயங்கவில்லை. தன் வீடு கைவிட்டுப் போவதைத் தானே எழுதிக்கொண்டிருந்தான். நான் அந்த முகத்தையே பார்த்தேன். ஒரு வருத்தம்? ஒன்றும் இல்லை. அதற்கும் எனக்குப் பொறாமையாக இருந்தது.

ஆனால் நான் அடித்த வரி அர்த்தம் புரிந்து அடித்த வரி அல்லவா, காலம் கொஞ்சம் கோணிக்கொண்டது. அலாட்மென்ட் ஆர்டர் முன்தேதியிட்டு, எழுபத்தொன்பதிலிருந்து அமல் என்று வந்தது. சர்க்கார் ஆபீஸில் இதை யாரும் அதிசயமாக எடுத்துக்கொள்ளவில்லை. சாயங்காலம் மாட்டுங்கா ரூமுக்குப் போனால் ஒரு குஜராத்திக் குடும்பம் கதவைத் திறந்தது. நாலு வருஷமாக அங்கேதான் இருக்கிறார்களாம். செம்பூருக்கு ஓடினேன். ஷ்யாமளா கதவைத் திறந்தாள். ஜன்னல் திரை நாலு வருஷம் வெளுத்திருந்தது. உள்ளே குழாய் ஒழுகிக்கொண்டிருந்தது.

"நாலு வருஷமா இந்தக் காட்டுல கிடக்கேன்" என்றாள். "கோவிலுக்குப் போகணும்னா பஸ். பூ வேணும்னா பஸ். ஜன்னலைத் திறந்தா எண்ணெய் ஃபாக்டரி நாத்தம். ஜகந்நாதன் ஆம்படையாளுக்கு என்ன, குடுத்து வச்சவ. மாட்டுங்காவுல இருக்கா. அவரும் ஆறு மணிக்கு ஆத்துக்கு வந்துடறார்."

குவார்ட்டர்ஸ் கிடைத்த அன்று ராத்திரி எனக்குச் சோறு இறங்கவில்லை. வயிறு முன்னைவிட அதிகமாக எரிந்தது.

கற்பூரம் வாங்குவதற்கு முன்னால் ஆபீஸ் ரிகார்டை மட்டும் புரட்டிவிடாதீர்கள். அதன்படி, அந்தக் குவார்ட்டர்ஸ் எண்பத்துமூன்றில் ஜகந்நாதனுக்குத்தான் அலாட் ஆயிற்று.