ஸாரி சொன்ன குற்றம்

ஜனெல் சவுவா செய்த ஒரே தப்பு, ஸாரி சொன்னதுதான்.

கனடாவின் நியூ பிரன்ஸ்விக்கில் ஸாரி என்பது தும்மல் மாதிரி, தானாக வந்துவிடும். கடையில் யாராவது தள்ளுவண்டியைக் காலில் ஏற்றிவிட்டால், இடிபட்டவர்தான் முதலில் ஸாரி சொல்வார். அதனால், பேராசிரியை டன்ஃபி கல்லூரித் தாழ்வாரத்தில் நிறுத்தி, "மருந்தியல் பரீட்சையில உன் தாளும் பின்னாடி உக்காந்த ப்ரோடி தாளும் ஒண்ணா இருக்கு. தப்புகூட ஒரே தப்பு. நான் புகார் குடுத்தாகணும்" என்றபோது, ஜனெல் வாயிலிருந்து வந்தது இதுதான்: "ஐயையோ, ரொம்ப ஸாரி மேடம்."

இந்த அம்மாளுக்கு வீண் தலைவலியாகிவிட்டதே என்று சொன்னாள். வேறொன்றும் அவள் மனதில் இல்லை.

செவிலியர் படிப்பில் அவளுக்கு அது கடைசி வருடம். தேறிவிட்டால் ஜூனில் ஊர் ஆஸ்பத்திரியில் வேலை என்று சொல்லி வைத்திருந்தார்கள். அப்பா ரேஜான் பனி அள்ளும் வண்டி ஓட்டுகிறவர். மகளின் வேலையைப் பற்றி அவர் ஹாக்கி மைதானத்தில் சொல்லாத ஆள் பாக்கி இல்லை.

விசாரணைக்கு முன்னால் கல்லூரி ஒரு சலுகை கொடுத்தது. ஒத்துக்கொண்டால் அந்தத் தாளுக்கு மட்டும் பூஜ்ஜியம், திரும்ப எழுதிக்கொள்ளலாம். மறுத்து விசாரணைக்குப் போனால் என்ன தண்டனை என்று யாரும் உத்தரவாதம் தரமாட்டார்கள். ப்ரோடி மறுநாளே ஒத்துக்கொண்டுவிட்டு அவளுக்குப் போன் செய்தான்.

"கையெழுத்துப் போட்டுட்டு வா ஜனெல். அஞ்சு நிமிஷ வேலை."

"நீ என் தாளைப் பார்த்தியாடா?"

"பார்த்தேன். ஸாரி."

"அதைச் சொன்னியா அவங்ககிட்ட?"

"'நீங்க ரெண்டு பேரும் சேர்ந்து பண்ணீங்களா'ன்னு கேட்டாங்க. ஆமான்னுட்டேன். இல்லேன்னா இன்னும் நோண்டுவாங்கல்ல?"

அந்தக் காலிப் பயல் மேலே பேசுமுன் போனை வைத்தாள். செய்யாததை ஒத்துக்கொள்ள மாட்டேன் என்று விசாரணைக்கே போனாள்.

துணைக்கு ஒருவரைக் கூட்டிவரலாம், ஆனால் அவர் வாய் திறக்கக்கூடாது என்பது கல்லூரி விதி. அந்த மாதிரித் துணைக்கு ஒரு நாற்காலியையே கூட்டிப் போயிருக்கலாம். ரேடியோவில் ஹாக்கி வர்ணனை சொல்கிறவனோடுகூடச் சண்டை போடும் ரேஜான், தொப்பியை மடியில் வைத்துப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருந்தார்.

விசாரணைக் குழுவுக்குத் தலைவி எஸ்டாப்ரூக்ஸ் அம்மாள். இருபுறமும் இரண்டு பேர். ஓரத்தில் குறிப்பெடுக்க ஒரு பெண்.

"ப்ரோடியைக் கூப்பிட்டுக் கேளுங்க மேடம்" என்றாள் ஜனெல்.

"அவன் விஷயம் முடிஞ்சுபோச்சு. இனிமே கூப்பிட முடியாது."

"அவன் சொன்னதையாவது காட்டுங்க."

"அது ரகசியம்மா."

"அப்போ நான் எதுக்குப் பதில் சொல்றது?"

"உன்மேல இருக்கிற குற்றச்சாட்டுக்கு."

புகார் கொடுத்தவர் என்று எதிரே உட்கார்ந்திருந்த டன்ஃபி எழுந்தார். "நான் சொன்ன உடனே இவ ரொம்ப ஸாரின்னா. எதுவும் பண்ணாதவ எதுக்கு ஸாரி கேக்கணும்?"

மூன்று பேரும் அதைக் குனிந்து குறித்துக்கொண்டார்கள். மூவரும் அதே ஊரில் பிறந்தவர்கள். ஒரு நாளைக்குப் பத்துத் தடவை, நாற்காலியை இடித்துக்கொண்டால் அந்த நாற்காலிக்குக்கூட, ஸாரி சொல்கிறவர்கள். அந்த அறையில் மட்டும் அந்தச் சொல் வாக்குமூலம் ஆகிவிட்டது.

"மேடம், இப்ப உள்ள வர்றப்போ நீங்கதான் கதவை என்மேல இடிச்சீங்க. ஸாரி சொன்னது நான்" என்றாள் ஜனெல் தலைவியிடம்.

"விஷயத்துக்கு வாம்மா."

ரேஜானுக்குப் பொறுக்கவில்லை. "அவ சொல்றது—" என்று ஆரம்பித்தார். தலைவி ஒரு விரலைத் தூக்கினார்.

"ஸாரி" என்று ரேஜான் வாயை மூடிக்கொண்டார்.

பிறகு குழு கலந்து பேசவேண்டும் என்று அப்பாவையும் மகளையும் வெளியே போகச் சொன்னார்கள். டன்ஃபியும் கைப்பையை எடுத்தார்.

"நீங்க இருங்க மார்ஜரி. ஏதாவது சந்தேகம்னா கேட்டுக்கலாம்" என்று தலைவி டன்ஃபியை மட்டும் நிறுத்திக்கொண்டார்.

புகார் கொடுத்தவர் உள்ளே, புகாருக்கு ஆளானவள் வெளியே. கதவு சாத்திக்கொண்டது. உள்ளே யாரோ சிரிக்கும் சத்தம் கேட்டது.

"பேசாம ஒத்துக்கிட்டிருந்தா..." என்று ரேஜான் இழுத்தார்.

"நீயுமாப்பா?"

"இல்லம்மா. உனக்கு அந்த ஸாரி சொல்ற பழக்கத்தைச் சொல்லிக்கொடுத்தவனே நான்தானே. அந்த வயித்தெரிச்சல்."

திரும்பக் கூப்பிட்டார்கள். ஒரு வருட இடைநீக்கம்.

"நீ கொஞ்சமாவது வருத்தம் தெரிவிச்சிருந்தா குறைச்சிருப்போம்" என்றார் தலைவி. "கடைசிவரைக்கும் உங்கிட்ட அது இல்ல."

முதலில் ஸாரி சொன்னதால் குற்றவாளி. பிறகு சொல்லாததால் தண்டனை கூடுதல். காப்பியடித்தவன் ஜூனில் வெள்ளை உடுப்புப் போட்டுக்கொண்டு வேலைக்குப் போவான். அவளுக்காக ஆஸ்பத்திரி ஒரு வருடம் காத்திருக்கப் போவதில்லை.

எஸ்டாப்ரூக்ஸ் அம்மாள் கண்ணாடியைக் கழற்றினார். குரல் இளகியது. "ஸாரி ஜனெல். நிஜமாவே ரொம்ப ஸாரி."

ஜனெல் அவரைப் பார்க்கவில்லை. ஓரத்திலிருந்த பெண்ணிடம் திரும்பினாள்.

"எழுதிக்கோங்க. மேடம் ஒத்துக்கிட்டாங்க."

குறிப்பெடுக்கும் பெண் தலைவியைப் பார்த்தாள், பிறகு தன் முன்னால் இருந்த மடிக்கணினியைப் பார்த்தாள்.

"தீர்ப்பு சொன்னதுமே மூடிட்டேனே" என்றாள். பிறகு, பழக்கதோஷத்தில், "ஸாரி" என்றாள்.