ஏழாவது விட்டம்

அந்த உள்ளரங்கில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. வௌவால் என்பார்கள்; கொஞ்சம் மரியாதை தெரிந்தவர்கள் வௌவால் அண்ணன் என்பார்கள். பத்தொன்பது வருஷமாகக் கூரைக்கடியில் தொங்கிப் பிழைக்கிறவருக்கு வேறு என்ன பெயர் வைப்பார்கள்? கீழே சனிக்கிழமை கூடைப்பந்து நடக்கும், ஞாயிற்றுக்கிழமை பாட்டுக் கச்சேரி, அடுத்த வாரம் குத்துச்சண்டை. ஒவ்வொன்றுக்கும் விளக்கும் ஒலிபெருக்கியும் வேறு வேறு இடத்தில் தொங்க வேண்டும். எட்டு மாடி உயரத்தில், இரும்பு விட்டங்களின் மேல் நடந்துபோய்ச் சங்கிலி மோட்டாரை மாட்டி, தரையில் கிடக்கிற சுமையை அந்தரத்தில் தூக்கி நிறுத்துவதுதான் அவர் வேலை. பார்க்க வருகிற பத்தாயிரம் பேரில் ஒருத்தராவது தலையை நிமிர்த்தி மேலே பார்த்திருப்பார்களா என்பது சந்தேகம்.

தங்கையின் கணவனை இந்த வேலைக்குக் கூட்டி வந்ததும் அவர்தான். அட்டைப்பெட்டித் தொழிற்சாலையை இழுத்து மூடியதும் மாப்பிள்ளை இரண்டு மாதம் வீட்டில் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். "எங்கூட வா மாப்ளே, பழகிக்கலாம்" என்றார். முதல் நாள் விட்டத்தைக் கட்டிப் பிடித்துக்கொண்டு அசையாமல் கிடந்தவன், ஆறு வருஷத்தில் கை தேர்ந்துவிட்டான். வாய்தான் ஓயாது.

"மச்சான், கீழ வர்ற பெரிய பெரிய ஆளெல்லாம் யாருன்னு நினைக்கிறீங்க? மேலேர்ந்து பாத்தா எல்லாம் வெறும் தலைதான். எது சொந்த முடி, எது ஒட்டு முடின்னு மேல இருக்கற நமக்கு மட்டும்தான் தெரியும்."

ஒவ்வொரு விட்டத்தின் பக்கத்திலும் இடுப்பு உயரத்தில் ஒரு கம்பி வடம் நீளமாகக் கட்டியிருக்கும். இடுப்புப் பட்டையின் கொக்கியை அதில் மாட்டிக்கொண்டுதான் நடக்க வேண்டும். கால் தவறினால் அந்த வடம் தாங்கும். ஏழாவது விட்டத்து வடத்தில், முனைக்குப் பக்கத்தில் இழைகள் பிரிந்து முள் முள்ளாக நீட்டிக்கொண்டிருந்ததை முதலில் பார்த்தவர் வௌவால்தான். உடனே அங்கே ஒரு சிவப்புத் துணியைக் கட்டினார். அந்தத் துணி இருந்தால் யாரும் அங்கே போகக் கூடாது. மேனேஜரிடம் சொன்னார். "புதுசு வந்துக்கிட்டே இருக்கு" என்றார் மேனேஜர். மூன்று வாரமாக அது வந்துகொண்டேதான் இருந்தது.

கச்சேரிக்கு முதல் நாள் காலையில் மேனேஜர் அவரைத் தனியாக அழைத்தார்.

"அண்ணே, பாட்டுக்காரங்க கம்பெனியிலேர்ந்து ஒருத்தர் கூரையைப் பாக்க வர்றார். சிவப்பைப் பாத்தா ஆயிரம் கேள்வி கேப்பார். கச்சேரி கை நழுவிப் போயிடும். அவிழ்த்து வச்சுக்கங்க. அவர் போனதும் திரும்பக் கட்டிடலாம்."

"ஆளுங்க யாராவது போயிட்டா?"

"ஏழுல இன்னைக்கு வேலையே கிடையாதே அண்ணே. ரெண்டு மணி நேரம்தானே?"

அவர் மேலே ஏறினார். முடிச்சு இறுகிப்போயிருந்தது, பல்லால் கடித்துத்தான் அவிழ்க்க முடிந்தது. துணியைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு இறங்கினார்.

வந்தவர் கீழே நின்றபடி கழுத்தை வளைத்துப் பார்த்தார், காபி குடித்தார், கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். அதற்குள் மேடைக்கு மேலே இருந்த ஒரு மோட்டாரின் சங்கிலி சிக்கிக்கொண்டது. அதை இறக்கி, முழங்கை வரை கிரீஸ் அப்பிக்கொண்டு, வௌவால் தரையில் உட்கார்ந்து மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார். சுற்றிலும் ஆட்கள் நாற்காலி இழுக்கிற சத்தம். தோளில் மாட்டியிருந்த வாக்கி டாக்கியில் மாப்பிள்ளையின் குரல் வந்தது.

"மச்சான், ஸ்பீக்கர் ரெண்டைப் பின்னாடி தள்ளச் சொல்றாங்க. ஏழுக்குப் போறேன்."

"சரி, போ" என்றார் அவர், சங்கிலியிலிருந்து கண்ணை எடுக்காமல்.

காது கேட்டுவிட்டது, புத்திக்கு அது போய்ச் சேர அரை நிமிஷம் ஆயிற்று. சேர்ந்ததும் ஸ்பேனரைப் போட்டுவிட்டு எழுந்தார். "மாப்ளே, நில்லு! ஏழு வேண்டாம்!" என்று கத்தினார். கிரீஸ் வழுக்கியதில் வாக்கி டாக்கியின் பொத்தானை விரல் சரியாக அழுத்தவில்லை. அண்ணாந்து பார்த்தபோது மாப்பிள்ளை, சிவப்புத் துணி இல்லாத வடத்தை நம்பி, உடம்பைச் சாய்த்து, சங்கிலியை எட்டிப் பிடித்துக்கொண்டிருந்தான். வடம் அறுந்தது. கொக்கி கடைசி வரை அதில் மாட்டியபடியேதான் இருந்தது.

அதற்கப்புறம் நடந்ததை அவர் யாரிடமும் விவரமாகச் சொன்னதில்லை. மூன்றாவது வரிசை நாற்காலிகள் ஐந்து உடைந்திருந்தன என்று மட்டும் சொல்வார்.

கச்சேரி மறுநாள் நடந்தது. தரையைக் கழுவி, கறுப்புக் கம்பளம் விரித்து, புது நாற்காலி போட்டார்கள். ஒரு டிக்கெட்கூட மீதியில்லை என்று பேசிக்கொண்டார்கள்.

அடக்கம் முடிந்த நாலாம் நாள் மேனேஜர் வௌவாலின் வீட்டுக்கே வந்தார். செருப்பைக் கழற்றிவிட்டு, ரொம்பப் பவ்யமாக உட்கார்ந்தார்.

"விசாரணை வருது அண்ணே. அவர் கொக்கி மாட்டலைன்னு நாங்க எழுதியிருக்கோம். நீங்களும் அதையே சொல்லிடுங்க. துணியை அவிழ்த்தது யாருன்னு கிளறினா முதல்ல மாட்டுறது நீங்கதான். தங்கச்சிக்கு அரங்கத்திலேயே ஒரு வேலை போட்டுத் தர்றேன். ரெண்டு பிள்ளைங்களை வச்சுக்கிட்டு அவங்க என்ன பண்ணுவாங்க, சொல்லுங்க?"

வௌவாலுக்குப் பத்து நாள் சோறு இறங்கவில்லை. தங்கை வீட்டுக்குப் போனால் பிள்ளைகள் மாமா என்று ஓடிவந்து காலைக் கட்டிக்கொள்ளும்போது உடம்பு கூசியது. பதினோராம் நாள் தங்கையே பேச்சை எடுத்தாள். அடுப்படியில் தரையில் உட்கார்ந்து, பாத்திரத்தைத் தேய்த்தபடி கேட்டாள்.

"அண்ணா, அவர் கொக்கி மாட்டாமப் போனாருன்னு சொல்றாங்க. அவர் அப்படிப் பண்ற ஆளா? கேஸ் மூடியிருக்கான்னு மூணு தடவை எந்திரிச்சுப் பாத்துட்டுத் தூங்கற மனுஷன். நீ அங்கதானே இருந்தே? நீ சொல்லு."

சொன்னார். துணி கட்டியது, அவிழ்த்தது, திரும்பக் கட்ட மறந்தது, எல்லாவற்றையும் சொன்னார். அவள் தேய்ப்பதை நிறுத்தவேயில்லை.

"ஏழுக்குப் போறேன்னு சொன்னாரா?"

"சொன்னார்மா."

"நீ என்ன சொன்னே?"

"சரி, போன்னு சொன்னேன்."

குழாயைத் திறந்து கையைக் கழுவினாள். புடவையில் துடைத்துக்கொண்டாள். அழுவாள், அடிப்பாள், ஏதாவது செய்வாள் என்று அவர் காத்திருந்தார். அவள் போய் வாசல் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றாள். அவ்வளவுதான். அவர் வெளியே வந்ததும் கதவு மெதுவாகச் சாத்திக்கொண்டது.

அடுத்த நாளே விசாரணை அதிகாரியிடம் போய், கேட்காமலேயே எல்லாவற்றையும் ஒப்பித்தார். அதிகாரி நல்ல மனிதர்தான். பொறுமையாக எழுதிக்கொண்டார். பிறகு அவரையும் கூட்டிக்கொண்டு அரங்கத்துக்குப் போய் மேலே ஏறிப் பார்த்தார். ஏழாவது விட்டத்தில் புத்தம்புது வடம் பளபளவென்று இருந்தது. அறுந்த வடம் எங்கே என்று கேட்டதற்குப் பழைய இரும்போடு போய்விட்டது என்றார்கள். சிவப்புத் துணியைப் பார்த்ததாக ஒருத்தனும் சொல்லவில்லை. மேலே கூட வேலை செய்த மற்ற இரண்டு பேரும் தரையைப் பார்த்துக்கொண்டு "ஞாபகம் இல்லைங்க" என்றார்கள். அவர்களுக்கும் குடும்பம் இருந்தது.

"துணியை நான் வச்சிருக்கேன் சார்" என்று சட்டைப் பையிலிருந்து எடுத்து நீட்டினார்.

அதிகாரி அதைக் கையில் வாங்கக்கூட இல்லை. "துணி எந்தக் கடையிலும் கிடைக்கும் பெரியவரே. சொந்தக்காரர் போயிட்டார், மனசு கிடந்து அடிச்சுக்குது. எனக்குப் புரியுது."

தொழிலாளியின் கவனக்குறைவு என்று முடிவெழுதினார்கள். வௌவாலுக்குத் தண்டனைகூடக் கிடைக்கவில்லை. அதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. மனநிலை சரியில்லாதவரை உயரத்தில் ஏற்ற முடியாது என்று ஒரு கடிதம் கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள்.

தங்கை அந்த வேலையை ஏற்றுக்கொண்டாள் என்று மனைவி மூலமாகத்தான் அவருக்குத் தெரிந்தது. "பின்ன அவ என்ன செய்வா? ரெண்டு வயித்துக்குப் போடணுமே" என்றாள் மனைவி. மனைவிக்குத் தங்கை வீட்டோடு போக்குவரத்து இருந்தது. அவரைப் பற்றி மட்டும் அந்த வீட்டில் பேச்சே எடுப்பதில்லையாம்.

நாலு மாதம் கழித்து, ஒரு கைப்பந்துப் போட்டி நாளில், சாயங்காலம் அவர் அரங்கத்துக்குப் போனார். பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் திறக்கிறதே என்று நோட்டுப் புத்தகங்களும் பெரியவளுக்கு ஒரு வண்ணப் பெட்டியும் வாங்கிப் பையில் வைத்திருந்தார். மூன்றாவது வாசலில் தங்கை நீலச் சீருடையில் நின்று, வருகிறவர்களின் பையைத் திறந்து குச்சியால் கிளறிப் பார்த்து உள்ளே அனுப்பிக்கொண்டிருந்தாள். இளைத்திருந்தாள். வரிசையில் நின்றார். ஆட்டக்காரர்களின் பெயரைக் கத்திக்கொண்டு முன்னும் பின்னும் பிள்ளைகள் தள்ளினார்கள். அவர் முறை வந்தது.

பையைத் திறந்து பார்த்தாள். நோட்டுகளைக் குச்சியால் ஒதுக்கினாள். நிமிரவில்லை.

"டிக்கெட்?"

"உள்ள போக வரலைம்மா. இது பிள்ளைங்களுக்கு..."

"டிக்கெட் இல்லாதவங்க வரிசையில நிக்கக் கூடாது. ஓரமாப் போங்க."

பேசத் தெரிந்த நாளிலிருந்து அவள் அவரை நீ என்றுதான் கூப்பிட்டிருக்கிறாள். கல்யாணத்தன்று காலில் விழுந்து எழுந்தபோதுகூட, "நீ ஏண்டா அழறே?" என்றுதான் கேட்டாள்.

"பாப்பா..."

"பின்னாடி ஆள் நிக்கறாங்க. போங்க சார்." அடுத்த பைக்குக் கை நீட்டிவிட்டாள்.

அவர் ஓரமாக நகர்ந்தார். கூட்டம் அவரை இடித்துக்கொண்டு உள்ளே போயிற்று. வாசல் காலியாகும்வரை சுவரோரம் நின்றார். அவள் ஒரு தடவைகூடத் திரும்பவில்லை. உள்ளே ஆட்டம் தொடங்கி ஜனங்கள் ஓவென்று கத்தியபோது, அவள் கதவை இழுத்துத் தாழிட்டுவிட்டுப் போனாள். அவர் பையை மடியில் வைத்துக்கொண்டு பேருந்து நிறுத்தத்தில் போய் உட்கார்ந்தார். வீட்டுக்குப் போகிற வண்டி இரண்டு வந்து போயிற்று. அவர் எழுந்திருக்கவில்லை.