கோபிநாத்துக்கு வந்த வாந்தி

என் மனைவி சரிதா நாவல் எழுதுகிறவள். கல்யாணம், விவாகரத்து, ஆபீஸ் காதல், இந்தக் காலத்துப் புருஷன் பெண்டாட்டி சண்டை, இதெல்லாம்தான் அவள் சரக்கு. நோட்டில் பேனாவால் எழுதுவாள். அதைக் கம்ப்யூட்டரில் அடித்துக் கொடுப்பது நான். அரசாங்க ஆபீசில் கிளார்க், டைப்பிங் ஹையர் பாஸ். மூன்று நாவல் இப்படித்தான் வந்தது. நான் அடித்ததை அவள் திரும்பிப் பார்த்ததே இல்லை, அவ்வளவு நம்பிக்கை.

நாலாவது நாவலில் ஒன்பதாம் அத்தியாயத்தில் கோபிநாத் என்று ஒருத்தன் வந்து சேர்ந்தான். கதாநாயகியை நோணாங்குப்பம் படகுத்துறைக்குக் கூட்டிப் போய், ஆற்றில் படகுச் சவாரி போகிறான். தண்ணீர் தெறித்தால் கைக்குட்டையை எடுத்து அவள் மூக்குக் கண்ணாடியைத் துடைத்து விடுகிறான். அவள் பேசும்போது போனைத் தொடுவதில்லை.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சரிதாவும் கண்ணாடி போட்டவள்தான். முத்தியால்பேட்டையில் எங்கள் வீட்டிலிருந்து நோணாங்குப்பம் வண்டியில் அரை மணி நேரம்தான். பதினெட்டு வருஷத்தில் ஒரு தடவைகூட நான் அவளை அங்கே கூட்டிப் போனதில்லை. அப்புறம், படகில் மாட்டிவிடுகிற லைஃப் ஜாக்கெட்டில் அடிக்கிற வியர்வை நாற்றத்தைக்கூட எழுதியிருந்தாள், அது இவளுக்கு எப்படித் தெரியும்? எவன் கூட்டிப் போனான்?

கேட்டிருக்கலாம். கேட்டால் கதைதானே என்பாள். அவள் குளிக்கப் போன நேரத்தில் போனைத் துழாவினேன். கோபிநாத் என்று யாரும் இல்லை. வேறு பேரில் வைத்திருப்பாள், கதை எழுதுகிறவளுக்குச் சொல்லித் தரணுமா?

அந்த எரிச்சலில், அடிக்கும்போதே அவனைக் கவனித்துக்கொண்டேன். கைக்குட்டையை அழுக்காக்கினேன். தொப்பை வைத்தேன். படகு நடு ஆற்றுக்குப் போனதும் வாந்தி எடுக்க வைத்தேன், அதுவும் கதாநாயகியின் புடவை மேல். மனசுக்கு இதமாக இருந்தது.

ஒரு மாசம் கழித்துப் பதிப்பகத்திலிருந்து இனியா என்ற பெண் சரிதாவுக்குப் போன் பண்ணினாள்.

“மேடம், அந்த வாந்தி சீன் படிச்சி சிரிச்சிட்டேன்.”

“எந்த வாந்தி?” என்று கேட்டுவிட்டு சரிதா என்னைப் பார்த்தாள்.

போனை வைத்தவள், நோட்டையும் நான் அடித்ததையும் வரி வரியாக ஒப்பிட்டுப் படித்தாள்.

“ஏன் இப்படிப் பண்ணீங்க?”

“உன்ன படகுல கூட்டிட்டுப் போனது யாரு? அத மொதல்ல சொல்லு.”

“யாரும் இல்ல. போன கல்யாண நாளுக்கு நாம போறதா இருந்துச்சு. ஆடிட் இருக்கு, வரலன்னு கடைசி நேரத்துல போன் பண்ணீங்க. பொடவ கட்டிட்டு நின்னேன், தனியா போயிட்டேன். பக்கத்து சீட்டு காலியா இருந்துச்சு. வீட்டுக்கு வந்து அதுல ஒரு ஆள உக்கார வச்சி எழுதினேன். அவ்ளோதான்.”

ஆடிட் இருந்தது உண்மைதான். மத்தியானமே முடிந்துவிட்டது. சாயங்காலம் வரைக்கும் நான் ஆபீசில் கேரம் ஆடிக்கொண்டிருந்தேன்.

வெட்கமாகப் போய்விட்டது. ஆனாலும் இல்லாத அந்த ஆள் மேல் பொறாமை குறையவில்லை, கூடத்தான் செய்தது. நோட்டில் இருந்தபடியே எல்லாவற்றையும் மறுபடி அடித்துக் கொடுத்தேன். அடுத்த நாள் காலையில் ஆபீசுக்கு லீவு சொல்லிவிட்டு அவளிடம் போய் நின்றேன்.

“இன்னிக்கு நோணாங்குப்பம் போலாமா?”

“இப்ப எதுக்குங்க?” என்றாள் சரிதா. கோபமாகக்கூடச் சொல்லவில்லை. “அதான் எழுதி முடிச்சிட்டேனே.”